அக்கி என்றே எழுதியிருக்கலாம்

எனக்குப் புண் என்றாலே ஆகாது. இதை முதலிலேயே சொல்லிவிடுவதுதான் நியாயம். ஏனென்றால் எண்பதுகளில் நாலு வருஷம் புண் துடைத்துத்தான் சம்பளம் வாங்கினேன். ஐந்தாம் பாரம் முடித்துவிட்டு பேங்க் வேலைக்கு எழுதிப் போட்டுக் காத்திருந்தேன். பதில் வரவில்லை. அப்பா டிரசரைப் பார்த்துப் பேசி, ஜெராமுக்கு உள்ளே தள்ளியிருந்த எங்கள் செம்பனைத் தோட்டத்துக் கிளினிக்கில் என்னைச் சேர்த்துவிட்டார். வெள்ளை உடுப்பு, காற்றாடிக்குக் கீழே வேலை என்று அம்மா லயத்து வரிசை வீடுகள் முழுக்கச் சொல்லிக்கொண்டாள். வெள்ளை உடுப்பில் என்னென்ன வந்து ஒட்டும் என்று அவளுக்குத் தெரியாது.

டிரசர் என்றால் எங்களுக்கு டாக்டர் மாதிரிதான். உண்மையான டாக்டர் பதினைந்து நாளைக்கு ஒருமுறை டவுனிலிருந்து காரில் வந்து, ஒரு மணி நேரம் இருந்துவிட்டுப் போய்விடுவார். மற்ற நாளில் காய்ச்சல், முள் குத்து, பிள்ளைப்பேறு எல்லாம் இந்த ஒரே ஆள் கையில். ஐம்பது தாண்டியவர். பேச்சு குறைவு. மேசை மேல் அட்டை கிழிந்த மருத்துவப் புத்தகம் ஒன்று எப்போதும் இருக்கும். ஆள் இல்லாத நேரத்தில் அதைத்தான் படிப்பார். புண் துடைப்பது, கட்டுப் போடுவது, பெரிய நோட்டில் பெயர் ஏற்றுவது, வேலைக்கு வரமுடியாதவர்களுக்கு எம்சி சீட்டு எழுதுவது எல்லாம் என் வேலை. சீட்டுக் கட்டில் காலையிலேயே பத்துப் பதினைந்தில் கையெழுத்துப் போட்டு என்னிடம் கொடுத்துவிடுவார். வரிசை நீளும் நாட்களில் அது வசதி.

ஒரு திங்கட்கிழமை, காலையில் பெயர் கூப்பிடும் பெரட்டு முடிந்து ஆட்கள் காட்டுக்குப் போன பிறகு, அந்த அக்கா வந்தார். நாற்பது வயது இருக்கும். உதிரிப் பழம் பொறுக்கும் வேலை. புருஷன் எண்ணெய் மில்லுக்குப் பழம் ஏற்றிப்போகும் லோரி டிரைவர். இரண்டு பிள்ளைகள். அவரைத் தெரியாதவர்கள் தோட்டத்தில் இல்லை, கோயில் திருவிழாவில் அண்டா கணக்கில் சோறு வடிப்பவர் அவர்தான். அன்றைக்கு இடது கையை உடம்பிலிருந்து தள்ளிப் பிடித்தபடி, கோழி இறக்கையைத் தூக்கிக்கொண்டு நிற்பதுபோல வாசலில் நின்றார்.

திரைக்குப் பின்னால் கூட்டிப்போய் ரவிக்கையைத் தூக்கச் சொன்னேன். தூக்க முடியவில்லை, ஒட்டியிருந்தது. உப்புத் தண்ணீரை ஊற்றி ஊற்றித்தான் பிரித்தேன். முதுகுத்தண்டை ஒட்டி ஆரம்பித்து, விலாவைச் சுற்றி, இடது மார்புக்கு அடியில் வந்து, நடு நெஞ்சில் யாரோ கோடு கிழித்து நிறுத்தியதுபோல நின்றிருந்தது. நாலு விரல் அகலம். கோட்டுக்கு வலது பக்கம் தோல் சுத்தமாக, பளபளவென்று இருந்தது. இடது பக்கம் புண்ணின் மேல் யாரோ காவியைக் குழைத்துப் பூசியிருந்தார்கள். ஒன்பதாம் லயத்துக் கிழவர் ஒருவர் அக்கி எழுதுவார், அவர் கைவேலை. காய்ந்த காவி பாளம் பாளமாக வெடித்து, அதற்கடியில் கொப்புளங்கள் கொத்துக் கொத்தாக உடைந்து, மஞ்சளாகத் தண்ணீர் வடிந்துகொண்டிருந்தது. புளித்த கஞ்சியும் நனைந்த கோழி இறகும் சேர்ந்த மாதிரி ஒரு வாடை.

"தங்கச்சி, மெதுவா," என்றார். "சட்டை படுறதே நெருப்பு வெச்ச மாதிரி இருக்கு."

காவியைத் துடைத்தெடுக்க வேண்டியிருந்தது. இடுக்கியைக் கை எட்டும் தூரத்துக்கு நீட்டிப் பிடித்துக்கொண்டு, மூச்சை வாயால் விட்டபடி துடைத்தேன். ஒரு பாளம் பெயர்ந்து, ஈரமாக, என் செருப்புக்கு வெளியே நீட்டியிருந்த கட்டைவிரல் மேல் விழுந்தது. வயிற்றிலிருந்து காலைச் சாப்பாடு தொண்டைவரை வந்து திரும்பியது. நான் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டேன். அவர் பார்க்கவில்லை என்று நினைத்தேன்.

டிரசர் வந்து எட்டிப் பார்த்தார். விரலால் தொடாமல், முதுகிலிருந்து நெஞ்சுவரை காற்றில் ஒரு வளைவு போட்டார். "சின்ன வயசுல அம்மை போட்டிருந்துச்சா?" என்று கேட்டார். போட்டிருந்தது என்றார் அக்கா. டிரசர் மேசைக்குத் திரும்பி நடந்துகொண்டே என்னிடம் சொன்னார்: "ஹெர்பிஸ் ஜோஸ்டர். இடது பக்கம், நெஞ்சு நரம்பு. வெள்ளை லோஷன் தடவி, வலி மாத்திரை குடு. ஏழு நாள் லீவு."

நான் சீட்டை எடுத்தேன். நோயின் பெயர் எழுதும் கட்டம் குறுகல். ஹெர்பிஸ் என்று இங்கிலீஷில் ஆறு எழுத்தை எழுதினேன். அடுத்த வார்த்தை எந்த எழுத்தில் ஆரம்பிக்கும் என்று தெரியவில்லை. எஸ்ஸா, ஜேயா, இசட்டா? எழுந்துபோய்க் கேட்டிருக்கலாம். பத்தடி தூரம். ஆனால் அந்த வாடை இன்னும் என் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தது, கட்டைவிரல் பிசுபிசுத்தது, எனக்குக் குழாயடிக்குப் போகவேண்டும், அவ்வளவுதான். ஒரு வார்த்தையோடு நிறுத்தி, ஏழு நாள் என்று போட்டு, சீட்டைக் கிழித்துக் கொடுத்தேன். அவர் கதவைத் தாண்டுவதற்குள் நான் பின்னால் ஓடிப்போய்க் காலைத் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்தேன்.

சீட்டு ஆபீசுக்குப் போனது. ஆபீசில் கணக்கு எழுத ஒரு சின்னக் கிராணி இருந்தார். கல்யாணமாகாதவர், இங்கிலீஷ் பேப்பர் ஒருவரி விடாமல் படிப்பவர். அந்த வருஷங்களில் ஹெர்பிஸ் என்று ஒரு நோயைப் பற்றிப் பேப்பரில் அடிக்கடி வரும். ஆண் பெண் தப்பான சேர்க்கையில் வருவது, வந்தால் போகாதது என்று பயமுறுத்தி எழுதுவார்கள். கிராணி சீட்டைப் படித்தார். அந்த அக்கா வேலை செய்யும் கூட்டத்தை மேய்க்கும் மண்டோரைக் கூப்பிட்டு, குரலைத் தாழ்த்தி, "இது என்னா நோய்னு தெரியுமா?" என்று கேட்டிருக்கிறார். மண்டோருக்குத் தெரியாது. கிராணி சொல்லிக்கொடுத்தார். மறுநாள் மத்தியானத்துக்குள் தோட்டத்தில் எல்லாருக்கும் தெரிந்துவிட்டது.

அன்றைக்குச் சாயங்காலம் குழாயடியில் பக்கத்து வீட்டம்மா குடத்தை ஓரமாக வைத்துவிட்டு என்னிடம் வந்தார். "நீ அங்கதானே வேலை செய்யற. உண்மையா அது?"

இதை எழுதும்போது எனக்கே என் முகத்தில் துப்பவேண்டும்போல இருக்கிறது. அந்த வார்த்தைக்கு எனக்கும் பேப்பர்க்காரன் சொன்ன அர்த்தம்தான் தெரியும். டிரசர் ஜோஸ்டர் என்று சேர்த்துச் சொன்னது, நரம்பு என்று சொன்னது, அம்மை போட்டிருந்ததா என்று கேட்டது எல்லாம் காதில் விழுந்ததுதான். அதை எதோடும் சேர்த்துப் பார்க்கத் தோன்றவில்லை. பக்கத்து வீட்டம்மா சொன்னதும் எனக்கு முதலில் வந்தது என் கட்டைவிரல் நினைப்பு. "ஹெர்பிஸ்னுதான் எழுதியிருக்கு," என்றேன். யார் எழுதியது என்று சொல்லவில்லை.

வீட்டுக்குப் போய் வெந்நீரில் டெட்டால் ஊற்றிக் கையையும் காலையும் தோல் சிவக்கத் தேய்த்தேன். அம்மா கேட்டதற்கு, "அந்த லோரிக்காரர் பொண்டாட்டியைத் தொட்டேன்," என்றேன். அம்மா என் தட்டையும் டம்ளரையும் தனியாக எடுத்து வைத்தாள்.

அந்த வாரம் முழுக்கப் பார்த்தேன். கிளினிக்கில் அந்த அக்கா உட்கார்ந்த பெஞ்சில் யாரும் உட்காரவில்லை. காய்ச்சல் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு நிற்பார்கள், உட்கார மாட்டார்கள். அவர் வீட்டுப் பிள்ளைகள் ஸ்கூல் பஸ்ஸில் ஏறினால் பக்கத்து சீட் காலியாகிவிடும். கடை முதலாளி சீனத் தவுக்கே மட்டும்தான் ஊர்ப்பேச்சு எட்டாமல் வழக்கம்போல நடந்துகொண்டார். தன் நெஞ்சைச் சுற்றிக் கையால் வளைத்துக் காட்டி, "பாம்பு லா, தலையும் வாலும் சேரக்கூடாது," என்று அக்காவின் பிள்ளையிடம் சொல்லிவிட்டு ரொட்டியைக் கையில் கொடுத்திருக்கிறார். சீனர்கள் அக்கியைப் பாம்பு என்பார்கள், அவர் சொன்னதுதான் இருந்ததிலேயே சரி. அதை யார் கேட்டார்கள்? பெண்கள் கூடி நின்று, லோரிக்காரன் கிள்ளானில் எங்கெங்கே லோரியை நிறுத்துவான் என்று கணக்குப் போட்டார்கள். அக்கா வடித்த சோற்றை வருஷா வருஷம் உருட்டி உருட்டித் தின்ற வாய்கள். நானும் அந்தக் கூட்டத்தின் ஓரத்தில் நின்று கேட்டேன். விலகிப் போகவில்லை.

வெள்ளிக்கிழமை அந்த டிரைவர் அண்ணன் கிளினிக்குக்கு வந்தார். மற்ற எல்லாரும் போகும்வரை வெளியே மரத்தடியில் நின்றுவிட்டு, பிறகு உள்ளே வந்து டிரசரின் மேசை முன்னால் நின்றார். பெரிய ஆள். பழக்குலையை ஒற்றைக் கையால் தூக்கிப் போடுபவர். குரலே எழும்பவில்லை.

"ஐயா, என்னைச் சோதிச்சுப் பாருங்க. ஊசி போட்டு ரத்தம் எடுங்க, என்னா வேணும்னாலும் செய்யுங்க."

"எதுக்கு?"

"எங்கிட்ட இருந்துதான் அவளுக்கு வந்துச்சாம். பாயைத் தூக்கி வாசல்ல போட்டுட்டா. மூணு நாளா லோரியிலதான் படுக்கறேன். புள்ளைங்க எங்கிட்ட வர்றதில்ல. நான் அப்படி எங்கேயும் போனதில்ல ஐயா. கோயில்ல வந்து சூடத்தை அணைச்சு வேணும்னாலும் சத்தியம் பண்றேன்."

டிரசருக்கு ஒன்றும் விளங்கவில்லை. அவருக்கு லயத்துப் பேச்சு எட்டாது. தனி வீடு, தனிச் சாப்பாடு. "அக்கிக்கும் ஒனக்கும் என்னாய்யா சம்பந்தம்?" என்றார். டிரைவர் அண்ணன் அந்த இங்கிலீஷ் வார்த்தையைச் சொன்னார். தப்புத் தப்பாக, கஷ்டப்பட்டு, ஆனால் எனக்குப் புரிகிற மாதிரி. டிரசர் மெதுவாகத் திரும்பி என்னைப் பார்த்தார். ஆபீசுக்கு ஆள் அனுப்பி அந்தச் சீட்டை வாங்கி வரச் சொன்னார்.  

சீட்டு வந்ததும் பார்த்தார். கீழே அவருடைய கையெழுத்து. தன் புத்தகத்தைப் பிரித்து மேசையில் வைத்து எங்கள் இருவரையும் கூப்பிட்டார். ஒரு மனித உடம்புப் படம். தலையிலிருந்து பாதம்வரை பட்டை பட்டையாகக் கோடு போட்டு, ஒவ்வொரு பட்டைக்கும் எழுத்தும் எண்ணும் போட்டிருந்தது.

"இதுக்கு டெர்மடோம்னு பேரு," என்றார். "முதுகெலும்புலருந்து ஒவ்வொரு நரம்பும் ஜோடியா பிரியும். ஒன்னு இடது பக்கம் போகும், ஒன்னு வலது பக்கம் போகும். ஒவ்வொன்னுக்கும் இவ்வளவு தோல்னு பங்கு. சின்ன வயசுல வந்த அம்மை ஒழிஞ்சு போறதில்ல. நரம்போட வேர்ல போய்ப் படுத்துக்கும். ஒடம்பு அசந்த நேரத்துல முழிச்சு, அந்த நரம்பு போற வழியிலேயே வெளிய வரும். அதான் நடு நெஞ்சைத் தாண்டாது." படத்தில் ஒரு பட்டையை விரலால் தடவிக் காட்டினார். "ஹெர்பிஸ்னா ஊர்ந்து போறதுன்னு அர்த்தம், கிரேக்கப் பேச்சு. உதட்டுல வர்ற கொப்புளத்துக்கும் அந்தப் பேருதான், பேப்பர்ல எழுதறானே அதுக்கும் அந்தப் பேருதான். ஜோஸ்டர்னா இடுப்புல கட்டற வாரு. ரெண்டையும் சேர்த்துச் சொன்னாத்தான் இந்த நோய். நம்ம ஆளுங்க அக்கிம்பாங்க, மலாய்க்காரங்க காயாப்ம்பாங்க. ஒன் பொண்டாட்டிக்கு அவ ஒடம்புலருந்தே வந்தது. ஒனக்கும் இதுக்கும் ஒட்டும் இல்ல, ஒறவும் இல்ல."

டிரைவர் அண்ணன் அந்தப் படத்தையே பார்த்தார். பிறகு, சத்தமில்லாமல், தோளில் கிடந்த துண்டால் முகத்தை மூடிக்கொண்டு நின்றார்.

"ரெண்டு வார்த்தை சொன்னேன்," என்று டிரசர் என்னிடம் சொன்னார். "ஒன்னை விழுங்கிட்ட. படிக்காம கையெழுத்துப் போட்ட நானும் ஒரு முட்டாள்." திட்டவில்லை. திட்டியிருந்தால் அழுதுவிட்டுத் தப்பித்திருப்பேன். "மருந்துத் தட்டை எடுத்துக்க. போய்க் கட்டுப் போட்டுட்டு, நீயே சொல்லிட்டு வா."

லயத்து வாசலில் பாயும் ஒரு பையும் இன்னும் கிடந்தன. டிரைவர் அண்ணன் அவற்றைத் தாண்டி உள்ளே வரவில்லை, படியிலேயே உட்கார்ந்துவிட்டார். அக்கா உள்ளே பலகைக் கட்டிலில் வலப்பக்கமாக ஒருக்களித்துப் படுத்திருந்தார். நாலு நாளாக யாரும் வந்து பார்க்கவில்லை. கிளினிக்குக்கு வரவும் அவருக்கு வெட்கம். யாரோ சொன்னார்கள் என்று புகையிலையும் சுண்ணாம்பும் அரைத்துத் தானே அப்பியிருந்தார். அது வெந்து, தோலோடு சேர்ந்து கறுத்து, ஓரங்களில் சீழ் கட்டியிருந்தது. ஈக்கள். துணியை எடுத்தபோது கூடவே தோலும் வந்தது. முதல் நாளைவிட நூறு மடங்கு கேவலமாக இருந்தது. அதில் பாதி நான் செய்தது. எனக்கு வந்த குமட்டலில் எது புண்ணுக்கு, எது எனக்கு என்று பிரிக்க முடியவில்லை.

துடைத்துக்கொண்டே சொன்னேன். எழுத்து தெரியாமல் ஒரு வார்த்தையை விட்டதை, குழாயடியில் கேட்டபோது ஆமாம் என்றதை, அண்ணன் மேல் தப்பே இல்லை என்பதை. டிரசர் காட்டிய படத்தைப் பற்றியும் எனக்குத் தெரிந்தவரை சொன்னேன். அவர் சுவரைப் பார்த்தபடி கேட்டுக்கொண்டிருந்தார்.

"வெறும் அக்கிதானா?"

"வெறும் அக்கிதான்கா."

"அப்ப அக்கின்னே எழுதியிருக்கலாமே. எங்க எல்லாருக்கும் தெரியுமே அது."

நான் கட்டுத்துணியைப் பிரித்தேன்.

"நான் அந்த மனுசனைப் பாத்து என்னென்னா கேட்டேன் தெரியுமா ஒனக்கு? புள்ளைங்க முன்னாடி கேட்டேன்." குரல் உயரவில்லை. கையை இன்னும் தூக்கி, "மூஞ்சியைச் சுளிக்காமக் கட்டு," என்றார். "மொத நாளே பாத்தேன். செருப்புல விழுந்ததுக்கு ஒனக்கு வாந்தி வந்துச்சு. எனக்கு ஒடம்பு முழுக்க அதுதான் இருந்துச்சு, நான் எங்க போயி வாந்தி எடுக்கறது?"

கட்டி முடித்து நான் வெளியே வந்தபோது, டிரைவர் அண்ணன் பாயைச் சுருட்டி மடியில் வைத்துக்கொண்டிருந்தார். உள்ளே போவதா வேண்டாமா என்று தெரியாமல்.

மறுநாள் இருட்டோடு பெரட்டுக் களத்துக்கு டிரசர் என்னைக் கூட்டிப்போனார். ஆட்கள் வரிசையில் நின்றார்கள். அவர் நோயைப் பற்றி நாலு வார்த்தை சொன்னார். அம்மை போடாத சின்னப் பிள்ளைகள் மட்டும் புண் ஆறும்வரை தொடவேண்டாம், மற்றவர்களுக்கு ஒன்றும் வராது என்றார். பிறகு என்னைப் பார்த்தார். "சீட்டுல நான்தான் தப்பா எழுதிட்டேன். அது அக்கிதான்," என்றேன். பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். சின்னக் கிராணி, "இங்கிலீஷ்ல அப்படித்தானே இருந்துச்சு லா, நான் படிச்சதைச் சொன்னேன்," என்று பேரேட்டைப் புரட்டினார். கூட்டம் கலைந்தபோது ஒரு பெண் இன்னொருத்தியிடம், "லோரிக்காரன் டிரசருக்கு என்னாத்தைக் குடுத்தானோ," என்று சொன்னது தெளிவாகக் கேட்டது. பொய்யை ஒரு நாளில் நம்பியவர்களுக்கு உண்மையை நம்ப ஆறு மாதம் போதவில்லை. அந்த வருஷத் திருவிழாவுக்குச் சோறு வடிக்க வேறு ஆளைப் போட்டார்கள். காரணம் சொல்லவில்லை.

தினமும் போய்க் கட்டுப் போட்டேன். ஒரு மாதத்துக்கு மேல் ஆனது. புண் காய்ந்து, முதுகிலிருந்து நெஞ்சுவரை வெளுத்தும் கறுத்தும் ஒரு தழும்பு நின்றது. வலி மட்டும் போகவில்லை. நரம்பு கெட்டுப்போனால் அப்படித்தான், தோல் ஆறினாலும் உள்ளே எரிந்துகொண்டே இருக்கும் என்றார் டிரசர். ரவிக்கையின் தையல் பட்டாலே அக்கா உதட்டைக் கடிப்பார். குனிந்து பழம் பொறுக்க முடியாமல் வேலையை விட்டார். அண்ணன் வீட்டுக்குள் படுக்கத் தொடங்கிவிட்டார். ஆனால் நான் போகும்போதெல்லாம் இருவரும் ஒருவரோடொருவர் பேசிப் பார்த்ததில்லை. அக்கா சோற்றைப் போடுவார், அண்ணன் சாப்பிடுவார். அடுத்த வருஷம் அக்காவின் கூடப்பிறந்த அண்ணன் வீட்டோடு சுங்கை பெசாருக்குக் குடிபோனார்கள்.

நானும் அதற்குப் பிறகு ரவாங்கில் ஒரு பேக்டரி ஆபீசில் வேலை கிடைத்துப் போய்விட்டேன். புண் இல்லாத வேலை. ஒருமுறை லீவில் வந்தபோது கோலசிலாங்கூர் பஸ் ஸ்டாண்டில் அந்த டிரைவர் அண்ணனைப் பார்த்தேன். நெல் மில்லில் லோரி ஓட்டுகிறாராம். தலை நரைத்திருந்தது. அவர்தான் என்னை முதலில் கூப்பிட்டார். என் வேலையை விசாரித்தார், அப்பா உடம்பைக் கேட்டார், வேண்டாம் என்றாலும் கேட்காமல் ஒரு சிராப் தண்ணி வாங்கிக் கையில் கொடுத்தார்.

"அக்கா எப்படியிருக்காங்க?"

"இருக்கா. இன்னும் இடது பக்கமா படுக்க மாட்டா. பையன் படிக்கறான்."

"என்னைப் பத்தி ஏதாச்சும்..." என்று ஆரம்பித்துவிட்டு, ஏன் கேட்டேன் என்று நாக்கைக் கடித்துக்கொண்டேன்.

பொய் சொல்லத் தெரியாத மனுஷன். "இல்லம்மா. ஒங்க பேரை எடுக்கறதே இல்ல," என்றார்.

அவருடைய பஸ் வந்தது. அவர் ஏறி, ஜன்னலோரம் உட்கார்ந்து, கையைக் காட்டினார். நான் அந்தத் தித்திப்புத் தண்ணியை நின்ற இடத்திலேயே சாக்கடையில் ஊற்றிவிட்டு, கை பிசுபிசுக்க, என் பஸ் நிற்கும் பக்கம் நடந்தேன்.